கடல் விலகிய துறைமுகம்: டம்மெ என்னும் சிற்றூரும் அதன் மொழியும்

 

மொழியைப் பற்றிப் பேச வேண்டிய மேடையில் ஐரோப்பாவின் ஒரு மூலையில் உள்ள சிற்றூரைப் பற்றிப் பேசப் புகுந்திருக்கிறோம். பெல்ஜிய நாட்டின் வடபகுதி ஃபிளாண்டர்ஸ் எனப்படுவது. அங்கே மக்கள் பேசும் மொழி டச்சு. அப்பகுதியில் புரூஜ் என்னும் புகழ்பெற்ற நகரத்திற்கு வடகிழக்கே ஆறேழு கிலோமீட்டர் தொலைவில் டம்மெ என்றோர் ஊர் இருக்கிறது. சுற்றியிருந்த ஊர்கள் சில 1977ஆம் ஆண்டில் நிர்வாகத்தின் பொருட்டு அதனுடன் இணைக்கப்பட்டன. எனினும், மூல ஊரின் மக்கள் தொகை ஆயிரத்தை எட்டாது. ஒரு சதுக்கம், ஒரு நகர மன்றம், ஒரு தேவாலயம், ஒரு கால்வாய், ஒரு காற்றாலை, சில தெருக்கள், அவ்வளவே அவ்வூர். அரை நாளில் சுற்றி வந்துவிடலாம்.

ஆனால் இவ்வூர் ஒரு காலத்தில் துறைமுகம். வடகடலின் கப்பல்கள் வந்து தங்கிய இடம். பின்னர்க் கடல் விலகிப் போயிற்று, வாணிகம் போயிற்று, மக்களும் போயினர். இன்று கடற்கரைக்குச் செல்லவேண்டுமாயின் இங்கிருந்து பத்துக் கிலோமீட்டருக்கும் மேல் போகவேண்டும். செல்வம் எல்லாம் போன பின்னும் அவ்வூரின் பெயரை இன்றுவரை தாங்கி நிற்பது எது என்பதே நாம் இன்று ஆராய விழையும் வினா. அதற்கு விடை காண, அவ்வூரின் அடையாளச் சின்னங்களை ஒவ்வொன்றாகப் பார்த்து வருவோம். வழியில் வரலாறும் உடன் வரும்.

அணையில் பிறந்த ஊர்

ஃபிளாண்டர்ஸின் கரையோர நிலம் மிகத் தாழ்ந்தது. கடல் ஏறுவதும் இறங்குவதும், மக்கள் கரை கட்டி நிலத்தை மீட்பதும், மீண்டும் கடல் கரையை உடைப்பதும் அங்கு ஓயாத போராட்டம். 1134ஆம் ஆண்டில் எழுந்த பெரும்புயல் கரையோரத்தைக் கிழித்து, ஸ்வின் என்னும் கடற்கழியை உள்நாட்டை நோக்கி அகலத் திறந்துவிட்டது என்பது நெடுங்கால மரபு. அழிவாக வந்த நீரே பின்னர் ஆக்கத்திற்கு வழியாயிற்று. புரூஜ் நகரம் கடலுக்கு அருகில் இருந்தும் கடலைத் தொடாத நகரம். ஸ்வின் கழி அதற்குக் கடல்வழி ஒன்றைத் தந்தது. அக்கழியின் உட்கோடியில் ஓர் அணை எழுந்தது. அணையை ஒட்டி ஓர் ஊர் எழுந்தது. டச்சு மொழியில் ‘டம்’ என்றால் அணை. ஊரின் பெயரே அதன் பிறப்பைச் சொல்லிவிடுகிறது.

இவ்வூரின் சின்னத்தில் ஒரு நாயின் உருவம் உண்டு. அதற்கு ஒரு கதை சொல்வார்கள். அணையில் ஓரிடம் எத்தனை முறை அடைத்தாலும் உடைந்துகொண்டே இருந்ததாம். அங்கே ஒரு நாய் ஊளையிட்டுக்கொண்டே நின்றதாம். பொறுமையிழந்த பணியாளர்கள் அந்த நாயையே உடைப்பில் தள்ளி மண்ணைக் கொட்டினார்களாம், அணை நின்றுவிட்டதாம். கதை கதையே. ஆனாலும் ஓர் உயிரைக் கொடுத்தே இந்த மண்ணைப் பெற்றோம் என்னும் நினைவு அதில் உறைந்திருக்கிறது. ஊர்ச்சின்னத்தில் சிங்கமும் கழுகும் பொறிக்கும் நாடுகளுக்கு நடுவே, குற்றமற்ற ஒரு நாயை மறவாமல் வைத்திருக்கும் ஊர் இது.

1180ஆம் ஆண்டில் ஃபிளாண்டர்ஸின் கோமகன் பிலிப் இவ்வூருக்கு நகர உரிமை வழங்கினார். பெரிய கப்பல்கள் டம்மெயில் நங்கூரமிடும். சரக்குகள் சிறு படகுகளுக்கு மாற்றப்பட்டு நீர்வழியே புரூஜ் நகருக்குச் செல்லும். இங்கிலாந்தின் கம்பளி மயிரும், பிரான்சின் மேற்குக் கரையிலிருந்து திராட்சை மதுவும், வடகடலின் ஹெர்ரிங் மீனும் இங்கு இறங்கின. இந்தச் செல்வமே பகையையும் அழைத்தது. 1213ஆம் ஆண்டு மே மாத இறுதியில் பிரெஞ்சு அரசர் பிலிப் அகஸ்டஸின் கடற்படை டம்மெயின் நீர்ப்பரப்பில் நின்றபோது, ஆங்கிலேயப் படை பாய்ந்து நூற்றுக்கணக்கான கப்பல்களைக் கைப்பற்றியும் கொளுத்தியும் போயிற்று. எஞ்சியவை பகைவர் கையில் சிக்கக் கூடாதென்று அரசரே அவற்றுக்குத் தீ வைத்தார். ஊரும் எரிந்தது. எனினும் ஊர் மீண்டது. வாணிகம் ஓடும் வழியில் இருக்கும் ஊரை நெருப்பு அழிப்பதில்லை. வழி மாறினால்தான் அது அழியும். அந்தச் செய்திக்குப் பின்னர் வருவோம்.

மாலுமியின் மொழியில் சட்டம்

இவ்வூரின் பெயரைத் தாங்கிய ஒன்று, கல்லாலும் மரத்தாலும் ஆகாதது. அது ஒரு சட்டத் தொகுப்பு. பிரான்சின் மேற்குக் கரையில் உள்ள ஒலெரோன் என்னும் தீவின் பெயரால் வழங்கிய கடற்சட்டங்கள் இடைக்காலத்தில் மேற்கு ஐரோப்பிய மாலுமிகள் பலரையும் கட்டுப்படுத்தின. அவை பிரெஞ்சு மொழியில் இருந்தன. அவற்றை ஃபிளாண்டர்ஸ் மக்கள் தம் மொழியில் பெயர்த்துக்கொண்டனர். அப்பெயர்ப்பு ‘டம்மெயின் தீர்ப்புகள்’ என்னும் பெயரால் வழங்கி, வடகடலின் பிற துறைமுகங்களுக்கும் பரவியது.

அச்சட்டங்கள் சொல்வன என்ன? கப்பல் துறையை விட்டுப் புறப்படுமுன் தலைவன் தன் மாலுமிகளைக் கூட்டி, காற்றின் நிலை எப்படி என்று கேட்கவேண்டும். பெரும்பாலோர் சொல்வதை ஏற்கவேண்டும். ஏற்காமல் புறப்பட்டுக் கப்பல் இழந்தால் பொறுப்பு அவனுடையது. புயலில் சரக்கைக் கடலில் எறிய நேர்ந்தால், அந்த இழப்பை எறியப்பட்ட சரக்கின் உரிமையாளர் ஒருவர் மட்டும் சுமக்கலாகாது. காப்பாற்றப்பட்ட சரக்குகளின் உரிமையாளர்களும் பங்கேற்கவேண்டும். மாலுமி நோயுற்றால் அவனைக் கரையிறக்கி ஒரு வீட்டில் தங்கவைத்து, விளக்குக்கு மெழுகு கொடுத்து, பணிவிடைக்கு ஓர் ஆளையும் கொடுக்கவேண்டும்.

இவை எளிய மனிதனின் உயிரையும் ஊதியத்தையும் காக்கும் விதிகள். அவற்றைப் புரியாத மொழியில் வைத்திருந்தால் காப்பு யாருக்கு? காற்று எப்படி என்று தன்னிடம் கேட்கப்படவேண்டும் என்பதை அறியாத மாலுமி, கேட்கப்படாதபோது எதிர்த்துப் பேசவும் அறியமாட்டான். ஆகவே அந்த மொழிபெயர்ப்பை நாம் வெறும் ஆவணமாகக் கருதுவதற்கில்லை. ஒரு மக்கள் கூட்டம் தன் உரிமையைத் தன் காதால் கேட்கத்தக்கதாக ஆக்கிக்கொண்ட செயல் அது.

சதுக்கத்தில் நிற்கும் புலவர்

இனி ஊரின் நடுவிலுள்ள சதுக்கத்திற்கு வருவோம். நகர மன்றத்தின் முன் ஒரு சிலை நிற்கிறது. கோமகனுக்கோ படைத்தலைவனுக்கோ எழுப்பிய சிலை அன்று. பதின்மூன்றாம் நூற்றாண்டில் வாழ்ந்த யாக்கோப் வான் மார்லாந்த் என்னும் புலவரின் சிலை.

மார்லாந்த் பிறந்தது ஃபிளாண்டர்ஸில் புரூஜ் நகரைச் சூழ்ந்த வட்டாரத்தில் என்று கருதுவர். இளமையில் வடக்கே வோர்ன் தீவிலுள்ள மார்லாந்த் என்னும் இடத்தில் தேவாலயப் பணியாளராக இருந்தார். அவ்வூர்ப் பெயரே அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. பின்னர்த் தாயகம் திரும்பி டம்மெயில் வாழ்ந்தார். ஊராட்சியில் எழுத்தராகப் பணியாற்றினார் என்பது மரபுச் செய்தி.

அவர் காலத்து மொழி நிலையை நாம் நினைவில் கொள்ளவேண்டும். அறிவின் மொழி இலத்தீன். அரண்மனையின் மொழி பிரெஞ்சு. சந்தையிலும் வயலிலும் வீட்டிலும் ஒலித்தது டச்சு. உலகம் எப்படித் தோன்றியது, விலங்குகள் எத்தகையன, முன்னோர் வரலாறு யாது என்று அறிய விரும்பும் ஒரு வணிகன் இலத்தீன் கற்றவரையே நாடவேண்டியிருந்தது. மார்லாந்த் அந்த வேலியைத் தாண்டினார். இலத்தீன் பெருநூல்களை எடுத்துத் தம் மக்களின் மொழியில், நினைவில் நிற்கும் செய்யுள் வடிவில், ஒன்றன்பின் ஒன்றாக ஆக்கித் தந்தார்.

இயற்கையைப் பற்றிய அவருடைய நூல் பதின்மூன்று பகுதிகள் கொண்டது. மாந்தர், நாற்கால் விலங்குகள், பறவைகள், கடல்வாழ் விந்தை உயிர்கள், மீன்கள், ஊர்வன, புழு பூச்சிகள், மரங்கள், நறுமண மரங்கள், மூலிகைகள், ஊற்றுகள், மணிக்கற்கள், ஏழு உலோகங்கள் என்று அது விரிகிறது. தாமஸ் என்னும் துறவி இலத்தீனில் தொகுத்த நூலே அதற்கு மூலம். 1271ஆம் ஆண்டில் விவிலிய வரலாற்றைச் செய்யுளாக முடித்தார். பின்னர் உலக வரலாற்றை எழுதப் புகுந்து, அந்நூலை ஆலந்தின் கோமகன் ஐந்தாம் ஃபுளோரிஸுக்குப் படைத்தார். அதனை முழுவதும் முடிக்க அவருக்கு வாழ்நாள் போதவில்லை. அவருக்குப் பின் வந்த இருவர் எஞ்சிய பகுதிகளைப் பாடி நிரப்பினர்.

இப்பணிக்கு எதிர்ப்பு இல்லாமலில்லை. மறைநூலின் செய்திகளைப் பாமரர்க்குத் திறந்துவிட்டார் என்று சமயத் தலைவர்கள் தம்மீது சினந்ததை மார்லாந்தே தம் நூலில் குறிப்பிடுகிறார். அறிவு சிலர் கையில் இருக்கும்வரை அது அதிகாரம். பலர் கைக்குப் போகும்போதுதான் அது கல்வி. அந்த மாற்றத்தை அதிகாரத்தில் இருப்போர் விரும்பி வரவேற்பது எந்த நாட்டிலும் அரிது.

மார்லாந்திடம் கடுமையும் இருந்தது. பிரெஞ்சுப் புலவர்கள் பாடிய வீரக் கதைகளில் பொய் மலிந்திருப்பதாக அவர் குறைகூறினார். தம் மக்களுக்குப் பொழுதுபோக்குக் கதைகளைக் காட்டிலும் மெய்யறிவு வேண்டும் என்பது அவர் கொள்கை. அவருக்குப் பின் வந்த ஆன்ட்வெர்ப் புலவர் யான் வான் பூந்தாலெ, டச்சு மொழிப் புலவர்கள் அனைவர்க்கும் தந்தை என்று அவரைப் போற்றினார். அந்தப் பட்டம் இன்றும் நிலைத்திருக்கிறது. இலக்கிய நயத்தால் மட்டும் கிடைத்த பட்டம் என்று இதனைக் கொள்ள இயலாது. நாட்டு மொழியால் இயற்கையியலும் வரலாறும் சொல்ல முடியும் என்று செய்து காட்டியமைக்குக் கிடைத்தது அது.

நகர மன்றமும் ஒரு திருமணமும்

புலவரின் சிலைக்குப் பின்னே நிற்கும் நகர மன்றம் 1464ஆம் ஆண்டில் தொடங்கி 1468ஆம் ஆண்டளவில் கட்டி முடிக்கப்பட்டது. முன்சுவரின் மாடங்களில் அரசர் அரசியர் சிலைகள் நிற்கின்றன. அவற்றுள் பர்கண்டியின் கோமகன் சார்லசும் இங்கிலாந்து அரசரின் தங்கை மார்கரெட்டும் உண்டு. இவ்விருவரின் திருமணம் 1468ஆம் ஆண்டு ஜூலை 3ஆம் நாள் அதிகாலையில் இந்தச் சிற்றூரில், சதுக்கத்திற்கு அருகிலுள்ள ஒரு வீட்டில் நடந்தது. அவ்வீடு இன்றும் இருக்கிறது. திருமணம் முடிந்ததும் மணமக்கள் புரூஜ் நகருக்குச் சென்றனர். அங்கே விருந்தும் வீரவிளையாட்டும் பல நாள் நடந்தன.

அந்தத் திருமணத்தின் ஆடம்பரத்தைப் பற்றி எழுதியோர் பலர். மொழியன்பர்களாகிய நமக்கு வேறொரு செய்தியே முதன்மையானது. மார்கரெட் கோமகளாக ஃபிளாண்டர்ஸில் வாழ்ந்த நாளில், புரூஜ் நகரில் இங்கிலாந்து வணிகர்களின் தலைவராக இருந்தவர் வில்லியம் காக்ஸ்டன். டிராய் நகரத்தின் கதைகளைப் பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்திற்குப் பெயர்க்கத் தொடங்கிய அவர், சில பகுதிகளோடு மனம் தளர்ந்து நிறுத்திவிட்டார். கோமகள் அவற்றை வாங்கிப் படித்து, ஆங்கில நடையில் இருந்த குறைகளைச் சுட்டிக்காட்டித் திருத்தச் செய்து, முழுவதையும் முடிக்குமாறு பணித்தார். அந்நூல் 1473, 1474ஆம் ஆண்டளவில் ஃபிளாண்டர்ஸ் மண்ணில் அச்சேறியது. ஆங்கில மொழியில் அச்சான முதல் நூல் அதுவே. இன்று உலகை ஆளும் ஆங்கிலத்தின் முதல் அச்சுநூல், ஆங்கிலம் வழங்காத ஒரு நாட்டில், டம்மெயில் மணம் புரிந்த ஒரு பெண்ணின் தூண்டுதலால் உருவாயிற்று. அதே டிராய்க் கதையை மார்லாந்த் அதற்கு இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே டச்சு மொழியில் பாடியிருந்தார் என்பதையும் நாம் சேர்த்து எண்ணிப் பார்க்கலாம்.

நெய்தல் மருதமான கதை

நகர மன்றத்தைக் கட்டி முடித்த காலத்திலேயே ஊரின் வாழ்வு சாயத் தொடங்கிவிட்டது. ஸ்வின் கழி மெல்ல மெல்லத் தூர்ந்து வந்தது. கடல் ஒவ்வோர் ஏற்றத்திலும் மணலைக் கொண்டுவந்து போட்டது. கரையோரத்தில் புதிது புதிதாக நிலம் மீட்டதனால் கழிக்குள் வந்து திரும்பும் நீரின் அளவும் விசையும் குறைந்தன. படிந்த மணலை அடித்துச் செல்லும் ஆற்றல் நீருக்கு இல்லாது போயிற்று. நிலத்தை வென்ற மக்களே துறைமுகத்தை இழப்பதற்கும் ஓரளவு காரணமானார்கள். பெரிய கப்பல்கள் முதலில் டம்மெக்கு வருவதை நிறுத்தின. கழியின் வாயருகே இருந்த ஸ்லைஸ் என்னும் ஊரோடு நின்றன. பின்னர் அங்கும் வருவது குறைந்தது. வாணிகம் ஆன்ட்வெர்ப் நகருக்கு இடம்பெயர்ந்தது.

தமிழ் மரபில் சொல்வதானால் நெய்தல் மருதமாயிற்று. உப்பும் மீனும் மணந்த இடத்தில் புல்லும் பயிரும் விளைந்தன. திணை மாறினால் தொழில் மாறும், மக்கள் மாறுவர், பாட்டும் மாறும் என்று நம் முன்னோர் வகுத்த உண்மைக்கு இவ்வூர் ஒரு சான்று.

பின்னாளில் ஃபிளாண்டர்ஸின் கடல்வாணிகம் ஆஸ்டெண்ட் துறைமுகத்திலிருந்து மீண்டும் தலைதூக்க முயன்றது. 1722ஆம் ஆண்டில் அரசுரிமை பெற்ற ஆஸ்டெண்ட் நிறுவனத்தின் கப்பல்கள் தமிழகக் கரைக்கும் வந்தன. சென்னைக்குத் தெற்கே உள்ள கோவளத்தில் அந்நிறுவனத்தின் வாணிகக் களம் ஒன்று இருந்தது. ஆனால் பிற ஐரோப்பிய அரசுகளின் எதிர்ப்பால் சில ஆண்டுகளிலேயே அந்நிறுவனம் முடக்கப்பட்டது. அந்த எழுச்சியில் டம்மெக்குப் பங்கு ஏதுமில்லை. கடல் அதனைக் கைவிட்டு நெடுங்காலம் ஆகியிருந்தது.

ஊர் சுருங்கியதைக் கண்ணால் காணவேண்டுமாயின் தேவாலயத்திற்குச் செல்லவேண்டும். பதின்மூன்றாம் நூற்றாண்டில் செல்வச் செழிப்பில் எழுந்த அன்னை மரியின் தேவாலயம் அது. உயர்ந்து பருத்த சதுரக் கோபுரம் நாற்பது மீட்டருக்கு மேல் எழுந்து நிற்கிறது. அதன் உச்சி கூம்பாக முடியாமல் தட்டையாக முடிகிறது. கோபுரத்திற்கும் இன்று வழிபாடு நடக்கும் பகுதிக்கும் இடையே கூரையற்ற வெளி. அங்கே தனித்து நிற்கும் தூண்களும் வளைவுகளும் மட்டுமே எஞ்சியுள்ளன. மக்கள் குறைந்துபோன ஊருக்கு அவ்வளவு பெரிய ஆலயத்தைப் பேணும் வலிமை இல்லை. ஆகவே 1725ஆம் ஆண்டில் நடுப்பகுதியை இடித்துவிட்டார்கள். ஒரு பெரியவரின் பழைய சட்டை உடலுக்குத் தொளதொளத்துப் போவதுபோல், ஊருக்கு அதன் ஆலயமே பெரிதாகிப் போயிற்று. கோபுரத்தின் இருநூற்றுக்கும் மேற்பட்ட படிகளை ஏறி உச்சியை அடைந்தால் ஊர் முழுவதும் கண்ணுக்குத் தெரியும். ஸ்பானியர் ஆட்சியில் 1617ஆம் ஆண்டளவில் ஊரைச் சுற்றி விண்மீன் வடிவில் எழுப்பிய கோட்டையின் அகழிக் கோடுகளும், அவற்றுக்கு அப்பால் ஒரு காலத்தில் கடலாயிருந்த வயல்வெளியும் அங்கிருந்து புலப்படும்.

கைதிகள் வெட்டிய கால்வாய்

ஊருக்கு வருவோரை முதலில் எதிர்கொள்வது ஒரு கால்வாய். புரூஜ் நகரிலிருந்து அம்பு விட்டாற்போல் நேராக ஓடிவரும் அதன் இருகரையிலும் பாப்லர் மரங்கள் வரிசையாக நிற்கின்றன. மேலைக் காற்று ஓயாது அடிப்பதால் அவை ஒருபுறம் சாய்ந்தே வளர்ந்திருக்கின்றன. கண்ணுக்கு இனிய அக்காட்சியின் பின்னே போரின் கதை உண்டு. ஆங்கிலேயக் கடற்படை கடலை மறித்து நின்ற காலத்தில், உள்நாட்டு நீர்வழி ஒன்றால் படைப்பொருள்களைக் கொண்டுசெல்ல வேண்டும் என்று நெப்போலியன் எண்ணினார். 1810ஆம் ஆண்டளவில் அவர் ஆணையின்படி இக்கால்வாய் வெட்டத் தொடங்கப்பட்டது. வெட்டியவர்கள் போரில் சிறைப்பட்ட ஸ்பானியர்கள். கால்வாய் பழைய கோட்டையையும் ஊரையும் ஊடறுத்துக்கொண்டு சென்றது. கால்வாய் அதன் கனவு கண்ட பயனைத் தருமுன்னே நெப்போலியனின் ஆட்சி முடிந்தது. இன்று அதில் பயணிகள் படகு ஒன்று புரூஜ் நகருக்கும் டம்மெக்கும் இடையே மெல்ல ஓடுகிறது. கால்வாய்க் கரையில், ஊருக்குள் நுழையும் இடத்தில், 1867ஆம் ஆண்டில் கட்டப்பட்ட மாவரைக்கும் காற்றாலை நிற்கிறது.

1860: ஒரு சிலையும் இரு தொழிலாளரும்

சதுக்கத்தில் நிற்கும் மார்லாந்தின் சிலையைப் பற்றி மேலும் ஒன்று சொல்லவேண்டும். அவர் மறைந்து ஐந்நூறு ஆண்டுகளுக்கும் மேல் கடந்த பின்னர், 1860ஆம் ஆண்டில், அச்சிலை எழுப்பப்பட்டது. ஹென்ட்ரிக் பிக்கெரி என்னும் சிற்பி அதனைச் செய்தார். ஏன் அவ்வளவு காலம் கழித்து?

1830ஆம் ஆண்டில் பெல்ஜியம் தனிநாடாயிற்று. விரும்பிய மொழியைப் பயன்படுத்தும் உரிமை உண்டென்று அரசியலமைப்புச் சொல்லிற்று. நடைமுறையில் அரசு, நீதிமன்றம், உயர்கல்வி எல்லாம் பிரெஞ்சு மொழியிலேயே நடந்தன. நாட்டில் பெரும்பான்மையோர் பேசிய டச்சு, படிக்காதவர் பேச்சாகத் தாழ்த்தப்பட்டது. அந்நிலையில் ஃபிளெமிஷ் அறிஞர்கள் தங்கள் மொழியின் பழம்பெருமைக்குச் சான்று தேடினார்கள். பிரெஞ்சு கோலோச்சிய அரண்மனைகளின் காலத்திலேயே தம் மொழியில் உலக வரலாறும் இயற்கையியலும் எழுதிய ஒருவர் இருந்தார் என்பது அவர்களுக்கு ஊன்றுகோலாயிற்று. சிலை எழுந்தது இவ்வாறு.

அதே 1860ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் நாள், பெல்ஜியத்தின் பிரெஞ்சு வழங்கும் பகுதியில் உள்ள ஷார்லெருவா நகரில் யான் கூக், பீட்டர் கூத்தல்ஸ் என்னும் இரு ஃபிளெமிஷ் தொழிலாளர்கள் கொலைக்குற்றத்தின்பேரில் தலை துண்டிக்கப்பட்டனர். பிழைப்புத் தேடி ஊரைவிட்டு வந்த ஏழைகள் அவர்கள். வழக்கு நடந்தது பிரெஞ்சு மொழியில். அடுத்த ஓரிரு ஆண்டுகளில் ஒரு கொள்ளைக் கூட்டம் பிடிபட்டு, அக்கொலையைப் பற்றிய செய்திகள் வெளிவந்தபோது, இருவரும் குற்றமற்றவர்களே என்ற எண்ணம் நாடெங்கும் பரவியது. மொழி அறியாமை தீர்ப்பில் எவ்வளவு பங்கு கொண்டது என்பதில் ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு உண்டு. ஆயினும் தன்மீது சாட்டப்பட்ட குற்றத்தைத் தன் மொழியில் கேட்க இயலாத மனிதனின் நிலை மக்கள் நெஞ்சைத் தைத்தது. 1873ஆம் ஆண்டில், ஃபிளெமிஷ் பகுதியில் குற்ற வழக்குகளை டச்சு மொழியில் நடத்தும் சட்டம் வந்தது. 1898ஆம் ஆண்டில் சட்டங்களை வெளியிடுவதில் டச்சு, பிரெஞ்சோடு சமநிலை பெற்றது. கெண்ட் பல்கலைக்கழகம் முழுவதும் டச்சு மொழிக்கு மாற 1930 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அன்பர்களே, இவ்விரு நிகழ்வுகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஒரே ஆண்டில் ஒரு சிற்றூர்ச் சதுக்கத்தில் மொழியின் தந்தைக்குச் சிலை. வேறொரு நகரில் அம்மொழி பேசிய இரு ஏழைகளுக்குக் கொலைத் தண்டனை. மொழியைப் போற்றுவதும் அம்மொழி பேசும் மக்களைக் காப்பதும் ஒன்றாகிவிடுவதில்லை. முன்னது ஒரு விழாவில் முடிந்துவிடும். பின்னதற்குச் சட்டம் வேண்டும், பள்ளி வேண்டும், பல தலைமுறைகளின் விடாமுயற்சி வேண்டும். இடைக்காலத்தில் மாலுமிக்கு அவன் மொழியிலேயே சட்டம் தந்த ஃபிளாண்டர்ஸில், பத்தொன்பதாம் நூற்றாண்டிலும் தொழிலாளி அதே உரிமைக்காகக் காத்திருக்க நேர்ந்தது. ஒரு மொழி ஒருமுறை பெற்ற இடம் என்றென்றும் தானே நிலைப்பதில்லை என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

குறும்பனின் கல்லறை

டம்மெயின் பெயரை உலகறியச் செய்த மற்றொருவன் தைல் அவ்லன்ஸ்பீகல். அவன் உண்மை மனிதன் அல்லன், கதைமாந்தன். செருக்குடையோரை ஏய்த்துச் சிரிக்க வைக்கும் இந்தக் குறும்பன் பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அச்சான ஜெர்மானியக் கதைநூலில் வருபவன். 1867ஆம் ஆண்டில் சார்லஸ் டெ கோஸ்டர் என்னும் பெல்ஜிய எழுத்தாளர் அவனை டம்மெயில் பிறந்தவனாக்கினார். ஸ்பானிய அரசன் இரண்டாம் பிலிப் பிறந்த வேளையிலேயே பிறந்த தைல், அவ்வரசனின் கொடுங்கோன்மைக்கு எதிராக ஃபிளாண்டர்ஸ் மக்களின் குரலாகிறான். நெருப்பிலிட்டுக் கொல்லப்பட்ட தன் தந்தையின் சாம்பலை ஒரு சிறு பையில் இட்டு மார்பில் அணிந்து திரிகிறான். அவனுடைய காதலி நெலெ, கொழுத்த உடலும் நல்ல உள்ளமும் கொண்ட தோழன் லம்மெ. இம்மூவரும் ஃபிளெமிஷ் மக்களின் நெஞ்சில் இடம் பெற்றுவிட்டனர். கால்வாயில் ஓடும் படகுக்கும் லம்மெயின் பெயரையே சூட்டியிருக்கிறார்கள்.

இதில் ஒரு முரண் உண்டு. ஃபிளாண்டர்ஸின் விடுதலை உணர்வைப் பாடிய இந்நூல் எழுதப்பட்டது பிரெஞ்சு மொழியில். மொழியால் பிரெஞ்சுக்காரராகவும் உள்ளத்தால் ஃபிளெமிஷ் மக்களின் தோழராகவும் இருந்த டெ கோஸ்டருக்கு வாழ்நாளில் அந்நூலால் புகழோ பொருளோ கிட்டவில்லை. 1879ஆம் ஆண்டில் வறுமையில் மறைந்தார். தன் மொழிக்காகப் போராடும் மக்கள் பிறமொழியில் பிறந்த நூலையும் தமதாக ஏற்றுக்கொண்டனர். மொழிப்பற்றுக்கு அழகு அது.

மார்லாந்தின் கல்லறை டம்மெத் தேவாலயத்தில் இருந்தது என்பது மரபு. பழங்காலத்தில் மக்கள் அக்கல்லறைக் கல்லைக் காட்டி, இது தைல் அவ்லன்ஸ்பீகலின் கல்லறை என்று சொல்லிவந்தனராம். கற்றோர் போற்றிய புலவரை மறந்து, கதையில் வந்த குறும்பனை அவர் இடத்தில் படுக்க வைத்துவிட்டார்கள். பொய்க் கதைகளைச் சாடிய மார்லாந்துக்கு இது சினமூட்டியிருக்கும். ஆயினும் மக்கள் நினைவில் அறிவும் நகைச்சுவையும் ஒரே கல்லின் கீழ் உறங்குவதில் பொருத்தம் இல்லாமலில்லை.

நூல்களின் ஊர்

1997ஆம் ஆண்டில் டம்மெ தன்னை நூலூர் என்று அறிவித்துக்கொண்டது. வேல்ஸ் நாட்டின் ஹே-ஆன்-வை என்னும் சிற்றூர் பழைய நூல் கடைகளால் மறுவாழ்வு பெற்றதைப் பின்பற்றி ஐரோப்பாவில் எழுந்த நூலூர்களுள் இதுவும் ஒன்று. ஊரில் பழைய நூல்களை விற்கும் கடைகள் தோன்றின; மாதந்தோறும் இரண்டாம் ஞாயிற்றுக்கிழமை நூற்சந்தை கூடியது. ஹெர்ரிங் மீனும் மதுவும் விற்ற சதுக்கத்தில், மார்லாந்தின் சிலைக்கு அருகில், நூல்கள் விலை பேசப்பட்டன. ஊர் தனக்குரிய தொழிலைத் தேடிக் கண்டுகொண்டது என்றே சொல்லவேண்டும்.

இப்போது தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்குத் திரும்புவோம். டம்மெயின் பெயரைத் தாங்கி நிற்பது எது? ஸ்வின் கழி தூர்ந்துவிட்டது. கோட்டை கோடாகிவிட்டது. ஆலயத்தின் நடுப்பகுதி வெளியாகிவிட்டது. நிற்பவை மூன்று: மாலுமியின் மொழியில் பெயர்த்த ஒரு சட்டம், பாமரனின் மொழியில் பாடிய சில நூல்கள், மக்கள் தமதாக்கிக்கொண்ட ஒரு கதை. இவை மூன்றும் பிறமொழிகளோடு கொண்ட உறவால் விளைந்தவை. முதலது பிரெஞ்சிலிருந்து வந்தது. அடுத்தது இலத்தீனிலிருந்து வந்தது. மூன்றாவது பிரெஞ்சிலேயே பிறந்தது. டச்சு மொழி அவற்றைக் கண்டு அஞ்சவில்லை. வாங்கித் தன்னுள் வைத்துக்கொண்டது. அவ்வாறு வாங்கத் தவறிய காலங்களில், வாங்கும் உரிமை மறுக்கப்பட்ட காலங்களில், அம்மொழி பேசியோர் பட்ட துன்பத்தையும் கண்டோம்.

பல மொழிகள் கலந்து ஒலிக்கும் நாட்டில் வாழும் நாம், நம் பிள்ளைகள் மருத்துவமும் சட்டமும் கணினியும் பற்றி வீட்டில் பேச நேர்கையில் எந்த மொழிக்கு மாறுகிறார்கள் என்பதை ஒரு கணம் எண்ணிப் பார்க்கலாம். அந்த மாறுதலுக்கு நாம் அவர்களைக் குறைகூறுவதில் பயனில்லை. மார்லாந்த் தம் ஊர் வணிகரை இலத்தீன் படிக்காத குற்றத்திற்காகக் கடிந்துகொள்ளவில்லை, அமர்ந்து எழுதினார். செய்ய வேண்டிய பணி இன்னதென்று அந்தச் சிற்றூர்ச் சதுக்கத்தில் நிற்கும் சிலை நமக்கும் காட்டுகிறது.